கிளி புரோகிராம்

கடலுக்கும் உப்பளத்துக்கும் நடுவே ஒற்றைத் தார்ச்சாலையைப் பிடித்துக்கொண்டு கிடக்கும் எங்கள் சேந்தன்துறையில், பிழைப்புக்கு வெளியே போனவர்களின் போட்டோக்கள் வீட்டுச் சுவரில் அசையும். லூர்து ஸ்டுடியோவில் பிரகாசி அக்கா எடுத்த படமாக இருக்க வேண்டும், அவளுடைய பழைய கம்ப்யூட்டர் வழியாக வந்த படமாக இருக்க வேண்டும், அவ்வளவுதான். மற்றபடி படத்தில் இருப்பவன் யோக்கியனா அயோக்கியனா, ஞாயிற்றுக்கிழமை பூசைக்கு வருகிறவனா வராதவனா என்றெல்லாம் படம் பார்க்காது. ஆள் ஊரில் இருக்கும்வரை படம் படமாகவே இருக்கும். அவன் ஏறிய வண்டி உப்பாற்றுப் பாலத்தைத் தாண்டிய பிறகு சுவரில் இருக்கிறவன் கண்ணைச் சிமிட்டுவான், ஒரு தும்மல் போடுவான், பிறகு அவன் முகம் அங்கே எதைச் செய்கிறதோ அதையே இங்கேயும் செய்துகொண்டிருக்கும்.

முதல் படம் அசைந்தபோது அந்த வீட்டு அம்மா பயப்படவில்லை, "கப்பல்ல ஏறினவுடனே மீசையை எடுத்துட்டானே பாவி" என்றுதான் கத்தினாள். அதிலிருந்து ஊர் இந்தச் சங்கதியை உப்புக்காற்றை ஏற்றுக்கொண்டது போல ஏற்றுக்கொண்டது. மருமகன் துபாயில் சிகரெட் பிடிப்பதை மாமியார் கண்ணாடிக்குள் புகை வருவதை வைத்துக் கண்டுபிடித்தாள். மாமா பட்டப்பகலில் குறட்டை விடும் முகத்தைப் பார்த்தே எங்கள் பிள்ளைகள் உலகம் உருண்டை என்று படித்துக்கொண்டார்கள். கல்யாணப் படங்களில் மாப்பிள்ளை கொட்டாவி விடுவான், பக்கத்தில் பெண், படம் எடுத்த நாளில் நின்ற மாதிரியே அசையாமல் நிற்பாள். அசைவது முகம்தான் என்றாலும், குளித்துவிட்டு வருகிறவனின் வெற்றுத் தோள் தெரியத்தானே செய்யும், அதனால் ஜெபமாலை நேரம் ஆனதும் எல்லாப் படத்துக்கும் திரை போட வேண்டும் என்று பங்குச் சாமியார் பிரசங்கத்தில் சொன்னார். அந்த வருடத் திருவிழாவில் உள்ளங்கை அகலத் திரைச்சீலைகள் விற்கும் கடை ஒன்று புதிதாக முளைத்தது.

செல்போன் வந்தது, வீடியோ கால் வந்தது, ஆனாலும் சுவர்ப் படத்தின் மதிப்பு குறையவில்லை. போனில் வருகிற முகம் தலைசீவி வருகிற முகம். 'இங்க எல்லாம் சொகம், நீங்க எப்படி இருக்கிய' என்று சொல்ல வருகிற முகம். படத்துக்கு அந்தச் சாமர்த்தியம் இல்லை. ஒரு முறை ஒருவன் கப்பலிலிருந்து போன் பண்ணி வயிறு முட்டச் சாப்பிட்டதாகச் சொல்லிக்கொண்டிருக்கும்போதே, சுவரில் அவன் கன்னம் மஞ்சளடித்துக் கிடப்பதைப் பார்த்து மனைவி ஊரைக் கூட்டி, கப்பல் கம்பெனிக்குப் போன் போட்டு, அவனைக் கரையிறக்கி ஆஸ்பத்திரியில் சேர்க்க வைத்தாள். இன்னொரு வீட்டில் ஒரு சாயங்காலம் படம் சட்டென்று ஸ்டுடியோவில் சிரித்த பழைய சிரிப்புக்கே திரும்பிப் போய் உறைந்துவிட்டது. சேதி வருவதற்கு முன்பே அந்த வீட்டில் ஒப்பாரி எழுந்தது. நல்லதோ கெட்டதோ, படம் பொய் சொல்லாது.

அதனால் படம் வீட்டுக்குக் காவல் என்று ஆகிப்போனது. ஸ்டுடியோப் படத்தை ஊர் எல்லையைத் தாண்டிக் கொண்டுபோகக் கூடாது, கொண்டுபோனால் போனவருக்கு ஆகாது என்று யாரோ ஆரம்பித்து வைத்தார்கள். யார் என்று கேட்டால் ஒவ்வொருவரும் பக்கத்து வீட்டைக் காட்டுவார்கள். ஆனால் ஒருவரும் மீறியதில்லை.

இத்தனைக்கும் காரணம் ஒரு சி.டி. பிரகாசி அக்காவின் புருஷன் இருந்த காலத்தில் சென்னை பர்மா பஜாரில் வாங்கிய கேமராவோடு வந்தது. கேமராவைக் கம்ப்யூட்டரில் சொருகி, அந்தப் புரோகிராமைத் திறந்தால் முதலில் ஒரு பச்சைக்கிளி திரையில் வந்து சிறகடிக்கும், பிறகுதான் படம் எடுக்க விடும். அதனால் ஊரில் அதற்குக் கிளி புரோகிராம் என்றே பெயர். கிளிக்குள் என்ன இருக்கிறது என்று யாரும் கேட்டதில்லை. மழை எங்கிருந்து வருகிறது என்று கேட்டுவிட்டா நனைகிறோம்?

தொம்மைக்கு அந்தக் கிளி தேவைப்பட்ட நேரம் பார்த்துத்தான் அது செத்தது.

தொம்மை ஐஸ் பிளாண்டில் கட்டி உடைக்கிற மெஷினை ஓட்டுகிறவர். பெண்சாதி காலமான பிறகு அவருக்கு இருந்தது ஒரே மகள் ஜெனோவா. நர்ஸ் படிப்பு முடித்து, தூத்துக்குடியில் வேலை பார்த்துக்கொண்டே பரீட்சை எழுதி, அயர்லாந்தில் ஓர் ஆஸ்பத்திரியில் வேலை வாங்கிவிட்டாள். தூத்துக்குடி கூப்பிடு தூரம்தானே என்று அதுவரை அவளை ஸ்டுடியோவில் படம் எடுத்து வைக்கவில்லை. வெள்ளிக்கிழமை பயணம். அதற்கு முந்தின ஞாயிறு பூசை முடிந்த கையோடு மகளைக் கூட்டிக்கொண்டு ஸ்டுடியோவுக்கு வந்தார். வரும் வழியெல்லாம் பார்க்கிறவர்களிடம், "சாமி படத்துக்குக் கீழ ஆணி அடிச்சு வச்சுட்டேன்" என்று சொல்லிக்கொண்டே வந்தார்.

பிரகாசி அக்கா கம்ப்யூட்டரைப் போட்டாள். உள்ளே ஏதோ சீறியது. கருகின வாசம் வந்தது. திறந்து பார்த்தால் இத்தனை வருட உப்புக்காற்றும் உள்ளே போய்ப் பலகையெல்லாம் பச்சையாகப் பூத்து, துரு பிடித்து, கையில் எடுத்தால் அப்பளமாக நொறுங்கியது.

"அண்ணே, ஒரு ரெண்டு நாள் குடுங்க" என்றாள் பிரகாசி அக்கா. "புதுசு வாங்கி கிளியை அதுல ஏத்திருதேன்."

மறுநாளே தூத்துக்குடிக்குப் போய் ஒரு லேப்டாப் வாங்கி வந்தாள். மெலிசாக, அழகாக, தொட்டால் சில்லென்று இருந்தது. சி.டி.யைப் போடலாம் என்று நாலு பக்கமும் திருப்பிப் பார்த்தாள், சி.டி. போட வாயே இல்லை. அப்போதுதான் பக்கத்து ஊரிலிருந்து மொய்தீன் பாயைக் கூப்பிட்டார்கள்.

மொய்தீன் பாய் கம்ப்யூட்டர் ரிப்பேரில் கெட்டிக்காரர், அந்தக் கெட்டிக்காரத்தனத்தைப் பற்றிப் பேசுவதில் இன்னும் பெரிய கெட்டிக்காரர். வெளியே வைத்துச் சொருகுகிற சி.டி. டிரைவ் ஒன்றைக் கொண்டுவந்தார். கிளி புரோகிராமை ஏற்றினார். 'இது இந்தக் கம்ப்யூட்டரில் ஓடாது, தயாரித்தவர்களைக் கேட்கவும்' என்று திரை சொல்லிவிட்டது. தயாரித்தவர்களைத் தேடினார். அந்தக் கம்பெனி எப்போதோ மூடிப்போய், அதன் இணைய முகவரியில் இப்போது யாரோ மெத்தை விற்றுக்கொண்டிருந்தார்கள்.

"கவலைப்படாதிய அக்கா. இந்தப் புது மெஷினை, நான் ஒரு பழைய மெஷினாக்கும்னு நடிக்கச் சொல்லலாம். அதுக்கு ஒரு செட்டிங் இருக்கு."

லேப்டாப் நடித்தது. ஆனால் கிளியை ஏமாற்ற முடியவில்லை. பாதி உடம்போடு திரையில் எட்டிப் பார்த்து, ஒரு சிறகை மட்டும் அடித்துவிட்டுக் காணாமல் போனது. கேமராவை அடையாளம் காட்டுகிற குட்டிப் புரோகிராமுக்குக் கையெழுத்து இல்லை என்று லேப்டாப் அதை வாசலிலேயே நிறுத்திவிட்டது.

"சரி, இதுக்குப் போயி ஏன் மல்லுக்கட்டணும்? எந்தக் கேமராவையும் பேச வைக்கிற புது புரோகிராம் இன்டர்நெட்ல சும்மாவே கெடக்கு" என்று ஒன்றை இறக்கினார். அது உடனே வேலை செய்தது. மொய்தீன் பாய் தன்னையே ஒரு படம் எடுத்துப் பார்த்தார். தாடியில் ஒவ்வொரு முடியும் தனித்தனியாக எண்ணி எடுக்கிற மாதிரித் தெரிந்தது. சோதனைக்கு அந்தப் படத்தை அச்செடுத்து ஸ்டுடியோ மேசையில் வைத்துவிட்டு, பைக்கை எடுத்துக்கொண்டு பாலத்துக்கு அந்தப் பக்கம் போனார். அங்கே டீக்கடையில் ரெண்டு வடை தின்று, டீ குடித்து, வேண்டுமென்றே பல்லை இளித்து, நாக்கை நீட்டி, கடைக்காரரிடம் திட்டு வாங்கிக்கொண்டு திரும்பினார். பாதி ஊர் கூடி மேசையைச் சுற்றி நின்று பார்த்துக்கொண்டிருந்தது. படம் லட்சணமாக, அசையாமல் இருந்தது.

"நாக்கை நீட்டுனேனே, வரலியா?"

"ஒரு மண்ணும் வரல பாய்."

ஊர் கலங்கிவிட்டது. போகப்போகிறவர்கள் எத்தனை பேர் வீட்டில் இருக்கிறார்கள், அவர்களையெல்லாம் இனி யார் பார்த்துக்கொள்வது? தொம்மை தினமும் வேலை முடிந்து ஈரக்கையோடு ஸ்டுடியோ வாசலில் வந்து நிற்பார், கேட்க மாட்டார், பிரகாசி அக்காவின் முகத்தைப் பார்ப்பார், திரும்பிப் போவார். அவருக்கு மகள் அங்கே குளிரில் விறைப்பாளோ, பசித்துக் கிடப்பாளோ, அழுதால் யார் தெரிந்துகொள்வார்கள் என்ற ஒரே பயம்தான். வெள்ளிக்கிழமை நெருங்கிக்கொண்டிருந்தது.

புதன்கிழமை மொய்தீன் பாய் வீம்போடு வந்தார். "ஒரு வழி இருக்கு. இந்தக் கம்ப்யூட்டருக்குள்ளயே இன்னொரு பழைய கம்ப்யூட்டரை உண்டாக்கிரலாம். வெளிய பாத்தா புதுசு, உள்ள பாத்தா பழசு. உள்ள இருக்குற கம்ப்யூட்டருக்குத் தான் இன்னொண்ணுக்குள்ள இருக்கோம்னே தெரியாது. கிளி அங்க போயி உக்காந்துக்கிடும்."

கூட்டத்தில் நின்ற பெண்கள் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். "அப்ப இது வயித்துப் பிள்ளைக்காரின்னு சொல்லும்" என்றாள் ஒருத்தி. அவ்வளவுதான், அடுத்த அரை மணி நேரத்தில் எலுமிச்சைச் சோறும் தயிர்ச் சோறும் வந்து இறங்கின, கண்ணாடி வளையல்களை லேப்டாப்பின் இரண்டு பக்கமும் அடுக்கினார்கள், ஒருத்தி அதன் மூடியில் சந்தனம் தடவப் போனாள். "அதுமட்டும் வேண்டாம் தாயி, சூடாகிரும்" என்று மொய்தீன் பாய் கும்பிட்டார். சோற்றை மட்டும் எல்லோருக்கும் முன்னால் தானே வாங்கிக்கொண்டார்.

உள்ளே கம்ப்யூட்டர் பிறந்தது. பழைய நீலத்தில், பழைய புல்வெளிப் படத்தோடு, திரைக்குள் இன்னொரு சின்னத் திரையாக விழித்தது. சி.டி. சுழன்றது. கேமராவை வெளிக்கம்ப்யூட்டர் வாங்கி உள்கம்ப்யூட்டர் கையில் கொடுத்தது. பச்சைக்கிளி முழு உடம்போடு வந்து இரண்டு சிறகையும் விரித்து அடித்தபோது, ஸ்டுடியோவில் எழுந்த சத்தத்தில் கரையில் நின்ற காக்கைகள் எல்லாம் கிளம்பிப் பறந்தன.

கிளி ஒரு கேள்வி கேட்டது. கம்பெனியில் பெயர் பதிய வேண்டும், பதிந்தால் எத்தனை படமும் எடுக்கலாம், பதியாவிட்டால் மூன்று படம் மட்டும், ஒவ்வொன்றுக்கும் ஒரே ஓர் அச்சு. கம்பெனி இருந்த இடத்தில் மெத்தைக்கடை இருக்கும்போது எங்கே போய்ப் பதிவது? சரி, மூன்று படமாவது இருக்கிறதே என்று மொய்தீன் பாய் மௌஸைப் பிடித்தார். இந்தக் காலத்துக் கை எதையும் இரண்டு தட்டுத் தட்டித்தானே திறக்கும். கிளிக்கு ஒரு தட்டே ஒரு படம். டக் டக்கென்று இரண்டு படம் விழுந்தன. இரண்டிலும் நீலத்துணிக்கு முன்னால் காலியாக ஒரு ஸ்டூல்.

மொய்தீன் பாய் வாழ்க்கையில் முதல் தடவையாகப் பெருமை பேசாமல் வேலை பார்த்தார். அழித்துவிட்டு மறுபடி ஏற்றிப் பார்த்தார், உள்கம்ப்யூட்டரையே கலைத்துவிட்டு வேறொன்று உண்டாக்கிப் பார்த்தார். கிளி ஒவ்வொரு தடவையும் வந்து சிறகடித்து, இன்னும் ஒன்றுதான் என்று சொன்னது. அது எதையும் மறக்கிற ஜாதி இல்லை.

"ஒண்ணு போதும்" என்றார் தொம்மை. "என் மவளுக்கு ஒண்ணு போதும்." ஊரும் ஒத்துக்கொண்டது. முதலில் புறப்படுகிறவள் அவள்தான், தாயில்லாத பிள்ளை வேறு.

வியாழக்கிழமை காலை ஜெனோவா தலைக்குக் குளித்து, சுங்குடிச் சேலை கட்டி வந்தாள். பிரகாசி அக்கா விளக்குகளைப் போட்டாள். மொய்தீன் பாய் இரண்டு கைகளையும் பின்னால் கட்டிக்கொண்டு சுவரோரம் நின்றார், அப்படி நிற்கச் சொல்லித்தான் உள்ளேயே விட்டிருந்தார்கள். ஜெனோவா ஸ்டூலில் உட்கார்ந்தாள், நீலத்துணியைத் திரும்பிப் பார்த்தாள், எழுந்துவிட்டாள்.

"அப்பா, நீங்க வந்து உக்காருங்க."

"எதுக்கு?"

"படம் எடுக்கத்தான். நான் கொண்டுட்டுப் போறேன்."

ஸ்டுடியோவுக்குள் ஒரே இரைச்சல். படத்தை ஊரைத் தாண்டிக் கொண்டுபோவதா? அதுவும் போகாத ஆளின் படத்தையா? ஊரில் இருக்கிறவன் படம் எந்தக் காலத்தில் அசைந்திருக்கிறது? இருந்த ஒன்றையும் பாழாக்கப் பார்க்கிறாளே என்று ஆளாளுக்குத் தலையில் அடித்துக்கொண்டார்கள்.

ஜெனோவா குரலை உயர்த்தவில்லை. "கல்யாணப் படத்துல மாப்பிள்ளை அசையுதாரு, பொண்ணு அசையல. ஏன்? பொண்ணு படத்துக்குப் பக்கத்துலயே இருக்கா. படமும் ஆளும் பிரிஞ்சாத்தான் அசையும்போல, யாரு ஊரை விட்டுப் போனாங்குறது கணக்கே இல்ல. நாம படத்தை ஒரு நாளும் வெளிய கொண்டுபோகல, அதனால நமக்குத் தெரியல."

"உனக்கு நிச்சயமாத் தெரியுமா?" என்று கேட்டாள் பிரகாசி அக்கா.

"தெரியாதுக்கா."

தொம்மை தலையை ஆட்டினார். "என் மூஞ்சியில என்ன இருக்கு பாக்குறதுக்கு? அந்தத் தூரத்துல நீ எப்படி இருக்கியோன்னு நான்தான் தவிச்சுக் கெடக்கணும். நீ உக்காரு மக்கா."

"போன மாசம் ஐஸ் பிளாண்டுல மயங்கி விழுந்திய. எனக்குச் சொன்னியளா? தூத்துக்குடியில இருந்து தெனமும் போன் பண்ணுனேன், மீன் குழம்பு வச்சேன், ருசியா இருந்துச்சுன்னு சொன்னிய. சுகர் மாத்திரை பொட்டியோட அப்படியே கெடக்கு, வீட்டுக்கு வந்தப்ப நான்தான பாத்தேன்." அவள் கண் கலங்கிவிட்டது, ஆனாலும் விடவில்லை. "அங்க நான் எப்படி இருப்பேன்னு உங்களுக்குப் பயம். இங்க நீங்க எப்படி இருக்கியன்னு எனக்குப் பயம் இல்லையா? நீங்க விழுந்து கெடந்தா எனக்கு யாருப்பா சொல்லுவா? எனக்குன்னு வேற யாரு இருக்கா?"

எப்போதும் சொல்கிற 'எனக்கென்ன கேடு' என்பதை விட்டுவிட்டு, தொம்மை காலி ஸ்டூலைப் பார்த்தார். இத்தனை வருடமாக ஊர்முழுக்கப் போனவர்களின் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்த எங்களுக்கு, போனவர்களும் அங்கே இருட்டில் உட்கார்ந்து எங்கள் முகத்தை நினைத்துப் பார்த்திருப்பார்கள் என்பது அன்றைக்குத்தான் உறைத்தது. வெட்கமாக இருந்தது.

பிரகாசி அக்காதான் பேசினாள். "படம் எடுக்கறது நான். யாரு ஸ்டூல்ல உக்காருதாவளோ அவுகளை எடுப்பேன். அப்பாவும் மவளும் முடிவு பண்ணுங்க. மத்தவுக வெளிய நில்லுங்க."

வெளியே நின்ற எங்களுக்கு உள்ளே பேச்சுச் சத்தம் கேட்கவில்லை. கொஞ்ச நேரம் கழித்துத் தொம்மை கைலியை இறுக்கிக் கட்டிக்கொண்டு போய் ஸ்டூலில் உட்கார்ந்தது ஜன்னல் வழியாகத் தெரிந்தது. படம் எடுத்துப் பழக்கமில்லாத மனுஷன். போலீஸ்காரன் முன்னால் உட்கார்ந்த மாதிரி விறைத்து, கண்ணை உருட்டி வைத்துக்கொண்டார். பிரகாசி அக்கா ஒரே ஒரு தட்டுத் தட்டினாள். கிளி தலையைச் சிறகுக்குள் வைத்துக்கொண்டது, அதற்குப் பிறகு யார் கூப்பிட்டும் எழும்பவில்லை.

பிறகு என்ன நடந்தது என்பதை எங்கள் ஊர்த் தபால்காரரைக் கேட்டால் இடுப்பைப் பிடித்துக்கொண்டு சொல்வார். வீடு வீடாக டிரங்குப் பெட்டிகளைத் திறந்து, முதல் நற்கருணை வாங்கிய நாளின் புதுநன்மைப் படம், பிறந்தநாள் படம், பெண் பார்க்க எடுத்த படம் என்று கிளி வழியாக வந்த பழைய படங்களை எல்லாம் தேடியெடுத்து, மனைவிமார் தங்கள் முகத்தைப் புருஷன்மாருக்கும், அம்மாமார் பிள்ளைகளுக்கும் அனுப்பி வைத்தார்கள். கப்பலில் இருக்கிறவர்கள் இப்போது பெண்சாதி முகம் சிவந்திருந்தால் காரணம் கேட்டு அங்கிருந்தே போன் பண்ணுகிறார்கள். பிரகாசி அக்காவும் சும்மா இருக்கவில்லை, அந்தப் புதுப் புரோகிராமில் ஆதார் படமும் கல்யாணப் படமும் எடுத்து நன்றாகவே சம்பாதிக்கிறாள், முகத்தில் பரு கூடத் தெரிகிறதே என்று திட்டும் வாங்குகிறாள். மொய்தீன் பாய் இன்னும் வாரம் ஒருமுறை வந்து, கம்ப்யூட்டருக்குள் கம்ப்யூட்டர், அதற்குள் இன்னொரு கம்ப்யூட்டர் என்று வைத்துக் கிளியை எழுப்பிப் பார்க்கிறார். எழுப்பிவிடுவார் என்றுதான் நாங்களும் நம்புகிறோம். ஆனால் இதெல்லாம் பின்னால்.

வெள்ளிக்கிழமை விடியலில் வேன் வந்தபோது இது எதுவும் எங்களுக்குத் தெரியாது. ஜெனோவா அப்பாவின் கையைப் பிடித்துக்கொண்டு நின்றாள், ஊரே நின்றது, சாமியார் சிலுவை போட்டு அனுப்பினார். அவள் மடியில் அப்பாவின் படம். வேன் உப்பளத்தைக் கடந்து பாலத்தில் ஏறியது. அவள் படத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். உருட்டிய கண்ணும் விறைத்த கழுத்துமாக அப்பா அப்படியே இருந்தார். பாலம் முடிந்தது. டீக்கடை போனது. பனங்காடு போனது. படம் அசையவில்லை. அவசரப்பட்டு அப்பாவுக்கு இருந்த ஒன்றையும் பறித்துவிட்டோமே என்று தன்னையே நொந்துகொண்டாள். வேனைத் திருப்பச் சொல்லலாமா என்றுகூட நினைத்தாள்.

அவளுக்குத் தெரியவில்லை, தொம்மை அங்கே வேன் போன திசையைப் பார்த்துக்கொண்டு அதே விறைப்போடு, அதே உருட்டிய கண்ணோடு, இமைகூடத் தட்டாமல் நின்றுகொண்டிருந்தார். கூட்டம் கலைந்து, கடைசி ஆளும் தோளைத் தட்டிவிட்டுப் போன பிறகுதான் அவர் முகம் அசைந்தது. ஜெனோவாவின் மடியில் அப்பாவின் கீழுதடு நடுங்கியது. ஒரு தும்மல் வந்தது. பிறகு இரண்டு கண்ணிலிருந்தும் பொலபொலவென்று கொட்டியது.

அவள் போனை எடுத்தாள்.

"என்ன மக்கா, ஏதும் மறந்துட்டியா?"

"ஏம்ப்பா அழுதிய?"

"யாரு அழுதா? காத்துல மண்ணு விழுந்துட்டு."

"ரெண்டு கண்ணுலயுமா?"

படத்தில் அப்பா சுற்றுமுற்றும் பார்த்தார், வானத்தைப் பார்த்தார், பிறகு எங்கே பார்ப்பது என்று தெரியாமல் நேராக அவளைப் பார்த்தார்.

"தெரியுதா?" என்று கேட்டார்.

"தெரியுதுப்பா. எல்லாம் தெரியுது."

தொம்மை தோளில் கிடந்த துண்டை எடுத்துக் கண்ணைத் துடைக்கப் போனவர், பாதியில் நிறுத்திவிட்டுத் துண்டைத் திரும்பத் தோளிலேயே போட்டுக்கொண்டார். "அப்படின்னா இனி மறைச்சு என்ன ஆகப்போவுது?" என்றார். "இன்னும் கொஞ்சம் அழுதுக்கிடுதேன் மக்கா. முடிச்சிட்டுப் போயி இட்லி தின்னுட்டு மாத்திரை போடுதேன், அதையும் பாத்துக்கோ."

ஜெனோவா போனை வைக்கவில்லை. படத்தை இரண்டு கைகளாலும் பிடித்துக்கொண்டு, அப்பா அழுது முடிக்கும்வரை அவரோடு கூடவே போனாள்.